மறு: கற்பனை உலகத்துப் பழஞ்சுவடிக்கு ஒரு சொல் - புனைசுவடி

குழும நண்பர்களுக்கு வணக்கம்.

மிகுபுனைவுக் கதைகளுக்குள் பழைய மந்திர ஏடும் தொன்மக் கதைகள் அடங்கிய கையெழுத்துப் படியும் வருகின்றன. கதைக்கு வெளியே அவை எங்கும் கிடையாது. அவற்றைக் குறிக்க இந்த இழையில் இதுவரை வந்த சொற்கள் கற்பனை நூல், மாயநூல், பொய்ச்சுவடி. என் முன்மொழிவு புனைசுவடி.

கற்பனை நூல் மிகவும் அகலமான சொல். எந்த நாவலையும் அப்படிச் சொல்லிவிடலாம். மாயநூல் கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' எழுதிய டோல்கீன் தன் கதைக்கு மூலம் என்று சொல்லும் செந்நூலில் (Red Book) மந்திரங்கள் இல்லை. ஹாபிட்டுகள் என்ற அவரது கற்பனை இனத்தார் எழுதிவைத்த பயணக்கதையும் போர்க்கதையும்தான் அதன் உடல். அதை மாயநூல் என்றால் படிப்பவர் வேறு எதையோ எதிர்பார்ப்பார்.

பொய்ச்சுவடியை நான் உறுதியாக மறுக்கிறேன். அந்தச் சொல்லுக்கு வேறு வேலை இருக்கிறது. 1760களில் ஜேம்ஸ் மக்பெர்சன், ஓசியன் என்ற பழங்கவிஞனின் கேலிக் மொழிப் பாடல்களை மொழிபெயர்த்ததாகச் சொல்லி நூல்கள் வெளியிட்டார். மூலச்சுவடியைக் காட்டுங்கள் என்று சாமுவேல் ஜான்சன் விடாமல் கேட்டார். அங்கே வாசகர் நம்ப வேண்டும் என்பதே நோக்கம். நாம் பேசும் வகையில் எழுதுபவருக்கும் படிப்பவருக்கும் உண்மை தெரியும். தெரிந்தேதான் அந்த ஏட்டைச் சேர்ந்து புரட்டுகிறார்கள். இரண்டையும் ஒரே சொல்லில் அடைத்தால் கலைச்சொல்லே தேவையில்லை.

நான் சொல்லும் வகைக்குச் சிறந்த சான்று, அமெரிக்கத் திகில்கதை எழுத்தாளர் லவ்கிராஃப்ட் கற்பனையாக உண்டாக்கிய நெக்ரோனமிகான் என்ற மந்திர நூல். 1924இல் அச்சான அவரது சிறுகதை ஒன்றில் அந்தப் பெயர் முதன்முதலாக வந்தது. 1927இல் அவர் அந்த நூலுக்கு ஒரு வரலாறே எழுதினார். எட்டாம் நூற்றாண்டில் டமாஸ்கஸில் அரபியில் எழுதப்பட்டது, 950இல் கிரேக்கத்துக்குப் போனது, 1228இல் லத்தீனுக்கு வந்தது, பிறகு தடை செய்யப்பட்டது என்று போகிறது அது. படிகள் இருக்கும் இடங்களில் பிரிட்டிஷ் மியூசியம், பாரிஸின் தேசிய நூலகம் போன்ற உண்மையான பெயர்களோடு, அவரே உண்டாக்கிய மிஸ்கட்டானிக் பல்கலைக்கழகமும் வருகிறது. நூல் உண்மையா என்று கடிதத்தில் கேட்டவர்களிடம், தன் கற்பனை என்று அவர் ஒளிக்காமல் சொன்னார். இதைப் பொய் என்று அழைக்க எனக்கு மனம் வரவில்லை.

லவ்கிராஃப்டின் நண்பர்களான மற்ற எழுத்தாளர்களும் அந்த நூலைத் தங்கள் கதைகளில் எடுத்தாண்டார்கள். தங்கள் பங்குக்குப் புதிய ஏடுகளையும் உண்டாக்கினார்கள். அதனால்தான் வினைத்தொகை இங்கே பொருந்துகிறது. புனைந்த சுவடி, புனைகின்ற சுவடி, புனையும் சுவடி மூன்றும் உண்மை. புனைகதை, புனைபெயர் ஏற்கெனவே புழக்கத்தில் இருப்பதால் யாருக்கும் விளக்க வேண்டியதும் இல்லை. எழுதும்போது ஒன்றைக் கவனியுங்கள்: வினைத்தொகையில் வல்லினம் மிகாது. புனைசுவடி, நடுவில் ச் கூடாது. 'புனைவுச்சுவடி' என்று போனால்தான் ச் வரும், ஆனால் அந்த மூன்று காலமும் போய்விடும்.

சுவடி என்றால் ஓலைதானே, தோலட்டை போட்ட நூலை அப்படிச் சொல்லலாமா என்று ஒருவர் கேட்டிருந்தார். சொல்லலாம். ஓலைச்சுவடி, காகிதச்சுவடி என்று இரண்டையும் பிரித்துச் சொல்வது நம் வழக்கம். அச்சு நூலுக்கு இல்லாத ஒன்று சுவடிக்கு உண்டு. யாரோ எழுதினார், யாரோ படியெடுத்தார், வழியில் சில ஏடுகள் தொலைந்தன. இந்த வகைக் கதைகளின் உயிரே அங்கேதான் இருக்கிறது. செந்நூலின் மூலம் அழிந்தது, படிதான் தப்பியது என்று டோல்கீன் அதற்கு ஒரு பாடவரலாறு, அதாவது படிகள் கைமாறி வந்த கதை, சொல்கிறார். அதே கதையில் மோரியாக் குகையில் கிடைக்கும் குள்ளர்களின் ஏட்டுக்கு அவர் தன் கையாலேயே பக்கங்கள் செய்தார். ஓரங்களைக் கருக்கினார், பழுப்புக் கறை ஏற்றினார், கட்டு பிரிந்த ஏடு போலத் தெரிய ஓரத்தில் துளைகள் போட்டார். செலவு கூடுதல் என்று நாவலின் 1954 பதிப்பில் அவை சேரவில்லை. அந்தத் துளைகளைப் பார்த்தவர் 'நூல்' என்று சொல்லமாட்டார், சுவடி என்றுதான் சொல்வார்.

அப்புறம், இறையனார் களவியல் உரை முதற்சங்க நூல்களாகச் சொல்லும் முதுநாரை, முதுகுருகு, களரியாவிரை ஆகியவற்றையும் இதில் சேர்க்கலாமா என்ற கேள்வி. வேண்டாம். அவை ஒரு மரபு உண்மையாகவே இருந்ததாகச் சொல்லும் நூல்கள். தமிழறிஞர் மயிலை சீனி. வேங்கடசாமி வழியில் 'மறைந்துபோன நூல்' என்றே வைப்போம். யேல் பல்கலைக்கழகத்தில் உள்ள வாய்னிச் சுவடியும் இதில் வராது. 15ஆம் நூற்றாண்டுத் தோல் கண்முன் இருக்கிறது, எழுத்தைத்தான் யாரும் படிக்கவில்லை.

மந்திரம் அடங்கியதைத் தனியாகச் சுட்ட வேண்டிய இடத்தில் 'புனை மந்திரச்சுவடி' என்று நீட்டிக்கொள்ளலாம்.

ஒன்று மட்டும் எனக்குத் தீரவில்லை. 1977இல் நெக்ரோனமிகான் என்ற பெயரிலேயே ஒரு நூல், பழஞ்சுவடியின் மொழிபெயர்ப்பு என்று சொல்லிக்கொண்டு கடைக்கு வந்தது. என் கணக்கில் அது பொய்ச்சுவடிப் பக்கம் போக வேண்டும். சுவடியியல் படித்தவர்கள் இதைப் பார்த்துச் சொல்லுங்கள், பிறகு விக்சனரியில் ஏற்றுவோம்.