தாத்தாவின் ஸ்கேனும் ஞாயிற்றுக்கிழமை வளைகாப்பும்

புதன், இரவு 8:50

சித்தப்பா: [3 படங்கள்]

சித்தப்பா: ஸ்கேன் வந்துவிட்டது. சிறுநீரகக் கல்தான். 9 மி.மீ. வெள்ளிக்கிழமை காலை எடுத்துவிடலாம் என்கிறார்கள். நாளை மாலை அப்பாவைச் சேர்க்க வேண்டும்.

சரசு அத்தை: எப்போது எடுத்த ஸ்கேன்?

சித்தப்பா: மதியம் அக்கா.

சரசு அத்தை: மதியம் எடுத்தது எனக்கு இப்போதுதான் தெரிகிறது. சரி.

அப்பா: வலி எப்படி இருக்கிறது?

சித்தப்பா: ஊசி போட்ட பிறகு தூங்குகிறார். காலையில் துடித்துவிட்டார். விலாவில் ஆரம்பித்துக் கவட்டை வரை இழுக்கிறது என்று சொன்னார்.

பெரியப்பா: அறிக்கையைப் படித்தேன். ஓரிடத்தில் 'இன்ஃபீரியர்' என்று இருக்கிறதே. அப்பாவின் சிறுநீரகம் மட்டமாகிவிட்டது என்றா எழுதியிருக்கிறார்கள்?

சித்தி: ஐயோ

தினேஷ்: 'ப்ராக்ஸிமல்' என்றால் சுமாராக என்றுதானே பொருள், மாமா? அளந்து சொல்லத்தானே ஸ்கேன் எடுக்கிறோம்?

சரசு அத்தை: வாழைத்தண்டுச் சாறு ஒரு வாரம் கொடுத்துப் பார்க்கலாம். எங்கள் பக்கத்து வீட்டுக்காரருக்கு அதிலேயே விழுந்துவிட்டது.

பிரியா: அம்மா, 9 மி.மீ. கல்லுக்கு வாழைத்தண்டா?

கவிதா அக்கா: பணி இப்போதுதான் முடிந்தது. எல்லாவற்றையும் படித்தேன். பெரியப்பா, பயப்படாதீர்கள். 'இன்ஃபீரியர்' என்றால் கீழே, அவ்வளவுதான். 'சுப்பீரியர்' என்றால் மேலே. தரத்துக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. சிறுநீரகத்தின் கீழ்ப்பகுதியில் இன்னொரு சின்னக் கல் இருக்கிறது, 4 மி.மீ. அது இப்போது தொந்தரவு தரவில்லை. தினேஷ், 'ப்ராக்ஸிமல்' என்பது சுமார் இல்லை. ஒரு குழாயோ கையோ காலோ எங்கிருந்து புறப்படுகிறதோ, அந்த இடத்துக்குப் பக்கம் என்று பொருள். தள்ளி இருந்தால் 'டிஸ்டல்'. சிறுநீர்க்குழாய் சிறுநீரகத்தில் புறப்பட்டுப் பையில் போய் முடிகிறது, ஏறக்குறைய 25 செ.மீ. நீளம். தாத்தாவுக்குக் கல் அதன் மேல்முனையில், சிறுநீரகத்தை ஒட்டி நிற்கிறது. நீர் இறங்க வழியில்லாமல் சிறுநீரகம் வீங்கியிருக்கிறது. வலி அதனால்தான்.

பெரியப்பா: அண்மை, சேய்மை! நம் இலக்கணத்தில் உள்ளதுதான். இவன் என்றால் அண்மைச் சுட்டு, அவன் என்றால் சேய்மைச் சுட்டு.

கவிதா அக்கா: அதேதான் பெரியப்பா. தமிழ்க் கலைச்சொல்லும் அண்மை, சேய்மைதான்.

பெரியப்பா: இது இன்று நேற்று வந்ததல்ல. சாமுவேல் ஃபிஸ்க் கிரீன் என்ற அமெரிக்க மருத்துவர் 1847இல் யாழ்ப்பாணம் வந்தார். மானிப்பாயில் மாணவர்களுக்கு மருத்துவத்தைத் தமிழிலேயே கற்பித்தார். கிரேயின் உடற்கூற்று நூல் 1872இல் 'மனுஷ அங்காதிபாதம்' என்று தமிழில் வந்துவிட்டது. நாம்தான் இன்று அறிக்கையைக் கையில் வைத்துக்கொண்டு விழிக்கிறோம். என் வகுப்பில் நான்

அப்பா: அண்ணா, அப்புறம் பேசலாம்.

சரசு அத்தை: 'லம்பார்' என்றும் இருக்கிறது. அது முதுகெலும்பு அல்லவா? முதுகிலும் ஏதாவது இருக்கிறதா?

கவிதா அக்கா: இல்லை அத்தை. வயிற்றின் மேல் நவக்கிரகச் சன்னதி மாதிரி ஒன்பது கட்டம் போட்டுக்கொள்ளுங்கள். சூரியன் நிற்கும் நடுக்கட்டத்தில் தொப்புள். அதற்கு மேல் நெஞ்சுக்குழி, கீழே அடிவயிறு. தொப்புளுக்கு இரண்டு பக்கமும் உள்ள கட்டங்களை 'லம்பார்' என்பார்கள். தாத்தா விலா என்று கை வைத்துக் காட்டிய இடம்தான்.

அப்பா: புரிகிறது.

தினேஷ்: ஒரு சந்தேகம். இரண்டாவது படத்தில் வீங்கின சிறுநீரகம் இடது பக்கம் தெரிகிறது. அறிக்கையில் வலது என்று இருக்கிறது. எது தப்பு?

சித்தப்பா: நானும் அதைக் கவனித்தேன். அதனால்தான் சேர்க்கைச் சீட்டு எழுதும்போது எந்தப் பக்கம் என்று கேட்டதற்கு இடது என்று சொன்னேன். படத்தில் தெளிவாகத் தெரிகிறதே.

கவிதா அக்கா: சித்தப்பா, என்ன சொன்னீர்கள்?

சித்தப்பா: இடது என்றேன் கண்ணு. ஏன்?

கவிதா அக்கா: அந்தச் சீட்டைப் படம் எடுத்துப் போடுங்கள். இப்போதே.

சித்தி: என்ன ஆயிற்று கவிதா?

சித்தப்பா: [படம்]

கவிதா அக்கா: 'இடது' என்றுதான் எழுதியிருக்கிறது. அறிக்கைதான் சரி. கல் வலது பக்கம். இதைக் கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள், எல்லோரும். உடம்பில் வலது, இடது என்பது எப்போதும் நோயாளியின் வலது, இடது. பார்க்கிறவருடையது இல்லை. உலகம் முழுக்க ஒரே நிலையை மனதில் வைத்துத்தான் எழுதுகிறார்கள்: ஆள் நிமிர்ந்து நிற்கிறார், முகம் நேராக, கை இரண்டும் பக்கத்தில், உள்ளங்கை முன்னால் பார்த்தபடி. தாத்தா படுத்திருந்தாலும் ஒருக்களித்திருந்தாலும் சொல் மாறாது. படுக்கையில் இருந்தாலும் தலைப் பக்கம்தான் மேல். இந்த ஸ்கேன் படத்தைத் தாத்தாவின் கால்மாட்டில் நின்று பார்ப்பது போல அடுக்குகிறார்கள். மல்லாந்து படுத்திருப்பவரைக் கால்மாட்டிலிருந்து பார்த்தால் அவருடைய வலக்கை நமக்கு எந்தப் பக்கம் வரும்?

பிரியா: இடது பக்கம்.

கவிதா அக்கா: அவ்வளவுதான். படத்தில் இடது ஓரம் பெரிதாக ஒன்று அடைத்துக்கொண்டிருக்கிறது பாருங்கள், அது ஈரல். ஈரல் ஏறக்குறைய எல்லோருக்கும் வலப்பக்கம்தான். ஓரத்தில் சின்னதாக 'ஆர்' என்ற எழுத்தும் இருக்கும், 'ரைட்', அதாவது வலது. வீங்கின சிறுநீரகம் ஈரல் இருக்கும் பக்கம். அதனால் வலது.

தினேஷ்: ஆமாம். 'ஆர்' இருக்கிறது. பெரிதாக்கினால் தெரிகிறது.

சரசு அத்தை: அம்மாவின் கண் ஆபரேஷனில் நடந்ததேதான். எதிரே உட்கார்ந்து நாலு நாள் வேறு கண்ணுக்குச் சொட்டு மருந்து ஊற்றினார்களே.

அப்பா: சரசு, அதை ஏன் இப்போது.

சித்தி: ஊற்றியது நான்தான் அண்ணி. இடது கண் என்றார்கள், என் இடது கைப் பக்கம் இருந்த கண்ணில் ஊற்றினேன். இன்றைக்கும் நினைத்தால் வயிற்றைக் கலக்குகிறது.

கவிதா அக்கா: சித்தி, எதிரே உட்கார்ந்தால் யாருக்கும் அப்படித்தான் வரும். நாங்கள் தினமும் பார்க்கிறோம்.

சித்தி: திருச்செங்கோட்டில் பிரியாவுக்கு மொட்டை போட்ட அன்று மாமா ஒன்று சொன்னார். அர்த்தநாரீஸ்வரரின் இடப்பாகம் அம்மை. எதிரே நின்று கும்பிடுகிற நமக்கு அவள் வலது கைப் பக்கம் தெரிகிறாள். ஆனாலும் இடப்பாகம் என்றுதானே சொல்கிறோம். சுவாமியின் இடது. இது அது மாதிரிதானே?

கவிதா அக்கா: அதேதான் சித்தி. இதைவிட நன்றாக எனக்குச் சொல்லத் தெரியாது.

பெரியப்பா: அருமை வசந்தி.

சரசு அத்தை: அப்பா சொன்னதா? எனக்கு நினைவில்லை.

சித்தி: நீங்கள் அப்போது பொங்கல் வாங்க வரிசையில் நின்றீர்கள் அண்ணி.

சித்தப்பா: கவிதா, இப்போது நான் என்ன செய்ய வேண்டும்? கை நடுங்குகிறது.

கவிதா அக்கா: நீங்கள் பதற வேண்டாம். காலையில் முதல் வேலையாக அறிக்கையையும் சீட்டையும் சேர்த்து வைத்துக் காட்டுங்கள். வலது என்று திருத்தி, மருத்துவர் கையெழுத்துப் போடட்டும். வெள்ளிக்கிழமை தாத்தாவை உள்ளே அழைத்துப் போகும் முன், அவர் விழித்திருக்கும்போதே அந்தப் பக்கம் பேனாவால் அடையாளம் போடுவார்கள். போடவில்லை என்றால் கேளுங்கள், தயங்கவே கூடாது. உலக சுகாதார நிறுவனம் 2008இல் ஒரு சரிபார்ப்புப் பட்டியல் கொடுத்தது. மயக்கம் கொடுக்கும் முன், கத்தி வைக்கும் முன், வெளியே அனுப்பும் முன் என்று மூன்று முறை நின்று, பெயர், பக்கம், என்ன சிகிச்சை என்று எல்லோரும் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். எங்கள் ஆபரேஷன் தியேட்டரில் நான்தான் வாசிப்பேன். சின்ன விஷயம் என்று ஒரு நாளும் நினைத்ததில்லை. தாத்தாவிடமும் சொல்லி வையுங்கள்: யார் கேட்டாலும் வலது என்று வாயால் சொல்லி, கையையும் வைத்துக் காட்ட வேண்டும்.

சித்தப்பா: சரி கண்ணு.

கவிதா அக்கா: அடையாளம் போட்ட பிறகு துணியை நனைத்துத் தேய்த்துவிடக் கூடாது. தாத்தாவுக்கு உடம்பில் ஒரு கறை இருந்தால் பிடிக்காது.

அப்பா: எச்சிலைத் தொட்டாவது அழித்துவிடுவார்.

சித்தி: பாட்டி கேட்கச் சொல்கிறார்கள்: எப்படிப் படுக்க வைப்பார்கள்? அவருக்கு நேராகப் படுத்தால் மூச்சு முட்டுகிறதாம். ஒரு வருடமாக ஒருக்களித்துத்தான் தூங்குகிறார்.

கவிதா அக்கா: ஒரு வருடமாகவா? யாரும் சொல்லவே இல்லையே. மயக்க மருத்துவரிடம் இதைக் கட்டாயம் சொல்ல வேண்டும் சித்தப்பா. தாளில் 'சூப்பைன்' என்று இருந்தால் மல்லாந்து, 'ப்ரோன்' என்றால் குப்புற. இந்தச் சிகிச்சைக்குப் பெரும்பாலும் மல்லாக்கப் படுக்க வைத்து, இரண்டு காலையும் தூக்கித் தாங்கியில் வைப்பார்கள். தாத்தாவின் இடது முழங்கால் மடங்காது. அவருடைய இடது. அதையும் சொல்லுங்கள். மயக்கத்தில் வலி தெரியாது, காலை இழுத்து வைத்துவிட்டால் பிறகு ஒரு மாதம் நொண்டுவார்.

சித்தப்பா: எழுதிக்கொண்டேன். மூச்சு, முழங்கால், வலது.

சரசு அத்தை: எல்லாம் சரி. ஞாயிற்றுக்கிழமை வளைகாப்பு என்னாவது? மண்டபத்துக்கு முன்பணம் கொடுத்தாயிற்று. அப்பா இல்லாமல் நான் எப்படி நடத்துவேன்?

பிரியா: அம்மா, தள்ளி வைக்கலாம். எனக்கு ஒன்றும் இல்லை.

சரசு அத்தை: ஒன்பதாம் மாதம் பிறக்கிறது. எங்கே தள்ளுவது?

அப்பா: வெள்ளி முடிந்தால் ஒன்றிரண்டு நாளில் வீட்டுக்கு வந்துவிடுவார் அல்லவா கவிதா?

கவிதா அக்கா: பொதுவாக அப்படித்தான் அப்பா. ஆனால் உள்ளே ஒரு மெல்லிய குழாய் வைத்து அனுப்பலாம், நீர்க்கடுப்பு இருக்கும். மண்டபத்தில் மூன்று மணி நேரம் உட்கார வைக்க முடியாது.

தினேஷ்: வீட்டிலேயே செய்தால் என்ன? தாத்தா கட்டிலில் இருந்தபடியே பார்ப்பார்.

சரசு அத்தை: இருநூறு பேரை வீட்டுக்குள் எங்கே உட்கார வைப்பது தினேஷ். நீ மஸ்கட்டில் இருந்துகொண்டு சொல்கிறாய்.

பெரியப்பா: மாமன் சீர் தட்டு பதினொன்றா, இருபத்தொன்றா? அதை யாரும் இன்னும் சொல்லவில்லை.

வியாழன், காலை 9:35

சித்தப்பா: சீட்டைத் திருத்திவிட்டார்கள். மருத்துவரே வந்து அப்பாவிடம் எந்தப் பக்கம் என்று கேட்டார். அப்பா வலது கையை எடுத்து விலாவில் வைத்துக் காட்டினார். [படம்]

சித்தி: 🙏

கவிதா அக்கா: நன்றி சித்தப்பா. மூச்சைப் பற்றிச் சொன்னீர்களா?

சித்தப்பா: சொன்னேன். இதயத்துக்கு எக்கோ ஸ்கேன் எடுக்கச் சொல்கிறார்கள். மதியம் எடுக்கிறார்கள். அதைப் பார்த்துவிட்டுத்தான் வெள்ளியா சனியா என்று சொல்வார்களாம்.

கவிதா அக்கா: அறிக்கை வந்ததும் எனக்கு அனுப்புங்கள். யாரிடமும் எதுவும் சொல்வதற்கு முன்னால்.

அப்பா: நான் மதியம் பஸ்ஸில் கிளம்புகிறேன்.

சரசு அத்தை: அப்படியென்றால் மண்டபக்காரருக்கு நான் என்ன பதில் சொல்ல?

சித்தப்பா: மாலை பேசலாம் அக்கா.