ஒளியாழ் கோட்டையை உடைக்குமா?

மணல்கடிகாரம்:
எழுதிக்கொண்டிருக்கும் மிகைபுனைவு நாவலில் ஓர் ஆயுதம் வருகிறது. பெயர் ஒளியாழ். ஆள் உயர யாழ், நரம்புக்குப் பதில் படிக இழைகள். மீட்டினால் ஒளிக்கற்றை கிளம்பும். இலக்கைத் தட்டினால் அது தானாக நொடிக்கு எத்தனை தடவை அதிருமோ, அந்த இயல்பு அதிர்வெண்ணோடு ஒளி ஒத்துப்போனதும் ஒத்ததிர்வு உண்டாகி, அதாவது அதிர்வு மேலும் மேலும் பெருகி, எதிரியின் கருங்கல் கோட்டை பொடிப்பொடியாகும். படித்துப் பார்த்த இருவரில் ஒருவர் அருமை என்றார், இன்னொருவர் காதில் பூ சுற்றாதே என்றார். நீங்கள் எந்தப் பக்கம்?

அரைவேக்காடு:
நான் பூ கட்சி. பச்சை ஒளி நொடிக்கு ஐந்து கோடி கோடி தடவைக்கு மேல் அதிர்கிறது. ஒரு வெண்கல மணி அதிர்வது சில நூறு தடவை. இரண்டும் எங்கே போய் ஒத்துப்போவது? சரி, ஒளி அழுத்தித் தள்ளுகிறது என்று வைத்துக்கொள்வோம். உச்சி வெயில் ஒரு சதுர மீட்டருக்குச் சுமார் 1000 வாட். அது தரும் அழுத்தம், அழுத்தத்தை அளக்கும் அலகான ஒரு பாஸ்கலைப் பத்து லட்சம் பங்கு போட்டால் அதில் மூன்று பங்கு. ஆயிரம் கண்ணாடி வைத்து ஒரே இடத்தில் குவித்தாலும் மேசையில் கிடக்கும் தாளைக்கூடத் தூக்க முடியாது.

பனங்காட்டுநரி:
வந்துட்டாருய்யா கால்குலேட்டரோடு. டிராகன் பறக்கும் கதையில் யாராவது இறக்கையின் பரப்பளவைக் கேட்டார்களா? மாயம் என்றால் மாயம்தான். அமெரிக்காவில் டகோமா பாலம் வெறும் காற்றுக்கே ஒத்ததிர்வில் விழுந்ததே, அதை நம்புவீர்கள், ஒளியை நம்ப மாட்டீர்களா?

அரைவேக்காடு:
நரி அண்ணே, டகோமா வேறு கதை. 1940 நவம்பரில் மணிக்குச் சுமார் 64 கிலோமீட்டர் வேகத்தில் ஒரே சீராக அடித்த காற்று அது, தாளம் போட்டு அடிக்கவில்லை. பாலம் முறுக்கி ஆடிய ஆட்டமே காற்றிலிருந்து மேலும் மேலும் சக்தியை உறிஞ்சிக்கொண்டது. ஒத்ததிர்வுக்குத்தான் உதாரணம் வேண்டுமென்றால் 1831இல் மான்செஸ்டர் அருகே விழுந்த பிராட்டன் தொங்குபாலத்தைச் சொல்லுங்கள். படைவீரர்கள் கால் சேர்த்து மிதித்துப் போனார்கள், ஒரு போல்ட் முறிந்தது.

டிராகன் எப்படிப் பறக்கிறது என்று ஆசிரியர் சொல்வதில்லை, நானும் கேட்பதில்லை. இங்கே அவரே அதிர்வெண், ஒத்ததிர்வு என்று விதி போட்டுவிட்டார். விதி போட்டவர் ஆட்டத்தில் அழுகுணி ஆடக் கூடாது.

பட்டறைக்காரன்:
நான் உலோக வேலை பார்ப்பவன், கதை எழுத்து தெரியாது. ஒன்று மட்டும் சொல்கிறேன். பானை வாங்கும்போது விரலை மடக்கித் தட்டிப் பார்ப்போம். நல்ல பானை கணீரென்று கேட்கும், கீறல் விழுந்தது டொக்கென்று அடங்கிவிடும். கீறலின் இரு பக்கமும் உரசிக்கொண்டு அதிர்வைத் தின்றுவிடுவதுதான் காரணம். கோட்டைச் சுவர் என்பது ஆயிரக்கணக்கான கல், இடையில் சாந்து, உள்ளே மண்ணும் சல்லியும். அங்கே உரசல்தான் அதிகம். மணியை அதிர வைக்கலாம், மதிலை அதிர வைக்க முடியாது.

பனங்காட்டுநரி:
கல் பாடாதா? திருநெல்வேலி நெல்லையப்பர் கோயில் இசைத்தூண்களைத் தட்டிக் கேட்டதே இல்லையா?

பட்டறைக்காரன்:
கேட்டிருக்கிறேன் தம்பி. அது ஒரே பாறையில் மெல்லிசாகக் கடைந்தெடுத்த தூண். இடையில் மூட்டு கிடையாது, அதனால் பாடுகிறது. அதே கல்லை வெட்டிச் சுவராக அடுக்கினால் பாடாது.

மணல்கடிகாரம்:
அப்போது கோட்டையை விட்டுவிடுவோம். ஒளியை வைத்து எதையாவது அதிர வைக்கவே முடியாதா?

அரைவேக்காடு:
முடியும், அதைச் சொல்லத்தான் வந்தேன். ஒளியின் சொந்த அதிர்வை மறந்துவிடுங்கள். ஒளியை விட்டு விட்டு அனுப்புங்கள். ஒளிக்கு முன்னால் 40 துளை போட்ட தட்டை நொடிக்கு 10 சுற்று சுற்றினால் 400 ஹெர்ட்ஸ், அதாவது நொடிக்கு 400 தடவை. 1849இல் பிரான்சில் ஃபிஸோ என்ற அறிவியலாளர் 720 பல் சக்கரத்தைச் சுற்றி ஒளியின் வேகத்தையே அளந்தார், ஆகவே உங்கள் உலகத்துக் கொல்லனும் இதைச் செய்வான். வெளிச்சம் பட்டால் பரப்பு சூடாகி விரியும், மறைந்தால் சுருங்கும். ஒலி பிறக்கும்.

1880இல் அலெக்சாண்டர் கிரகாம் பெல் வாஷிங்டனில் இதைக் கண்டுபிடித்தார். முகம் பார்க்கும் கண்ணாடி போன்ற மெல்லிய கண்ணாடியின் பின்னால் பேசி, அது அதிர அதிர அதில் பட்டுத் திரும்பும் சூரிய ஒளியை அனுப்பி, 213 மீட்டருக்கு அப்பால் பேச்சைக் கேட்க வைத்தார். வாங்கும் பக்கத்தில் செலினியம் இருந்தது, வெளிச்சம் பட்டால் மின்சாரத்தை அதிகம் கடத்தும் பொருள் அது. பிறகு பார்த்தால் செலினியமே வேண்டாம், விட்டு விட்டு விழும் வெளிச்சத்துக்கு ஏறக்குறைய எல்லாப் பொருளும் முனகுகிறது. இருப்பதிலேயே உரக்கப் பாடியது எது தெரியுமா? விளக்குக் கரி!

உங்கள் கதையில் கருப்புக் கவசம் போட்ட படை வருகிறதே, அதுதான் முதலில் மாட்டும். பளபளவென்று தேய்த்த கேடயம் தப்பிக்கும்.

பட்டறைக்காரன்:
கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் நல்ல மணி பத்து நொடி ஒலிக்கும் என்றால் அதை முழு வீச்சுக்குக் கொண்டுவரவும் கிட்டத்தட்ட அவ்வளவு நேரம் ஒரே சுருதியில் அடிக்க வேண்டும். அதுவும் ஹெர்ட்ஸில் சிறு பின்னம்கூடப் பிசகாமல். சூடானால் மணியின் சுருதியே இறங்கும், கூடவே சக்கரமும் இறங்க வேண்டும். போர்க்களத்தில் எந்தக் குதிரை பத்து நொடி அசையாமல் நிற்கும்?

மணல்கடிகாரம்:
தம்புராவில் சுருதி சேர்ப்பது போல, இரண்டு சுருதி சற்றே விலகும்போது ஒலி ஏறி இறங்குமே, அந்த விம்மல் அடங்கும்வரை காதால் கேட்டுச் சக்கரத்தைத் திருத்தலாமே? யாழ் வாசிப்பவனுக்கு அந்தக் காது இருக்கும். இலக்கு மணிக்கூண்டாக இருந்தால் அசையப் போவதும் இல்லை.

பனங்காட்டுநரி:
எல்லாம் சரி, உடையுமா உடையாதா?

அரைவேக்காடு:
உடையாது. உடைக்கும் அளவுக்கு ஒளி பாய்ச்சினால் அதற்கு முன்பே பொருள் எரிந்துவிடும். 2005இல் அமெரிக்காவின் எம்.ஐ.டி. பல்கலைக்கழக மாணவர்கள் 127 கண்ணாடிகளை வைத்து 30 மீட்டர் தள்ளியிருந்த மரக்கப்பல் மாதிரியைப் பற்ற வைத்தார்கள். அங்கே ஒத்ததிர்வுக்கு வேலையே இல்லை.

ஆனால் உடைப்பதை விடுங்கள். எதிரி அரசன் அறையில் விளக்குமாடம், அதில் பல வருடக் கரி. மலையுச்சியிலிருந்து, பேச்சுக்கு ஏற்ப ஏறி இறங்கும் வெயில் சாளரம் வழியாக அந்தக் கரியில் விழுகிறது. மாடம் அவன் காதருகே கிசுகிசுக்கிறது. நிஜத்தில் அந்த ஒலி பூனைக்குக்கூடக் கேட்காது, அதை உரக்கக் கேட்க வைக்க மட்டும் உங்கள் மாயத்தைச் செலவழியுங்கள். நான் கணக்குக் கேட்க மாட்டேன்.

பனங்காட்டுநரி:
அது பேய்க்கதை ஐயா. பத்து அத்தியாயம் கோட்டையைக் காட்டிவிட்டு அதை இடிக்காமல் விட்டால் நான் புத்தகத்தைத் தூக்கி எறிவேன். பேசுகிற கரியை எவன் ஆயுதம் என்பான்?

மணல்கடிகாரம்:
மூன்று நாள் தூங்காத அரசன் சொல்வான். செத்துப்போன தம்பியின் குரல் மாடத்திலிருந்து கேட்டால், நான்காம் நாள் கோட்டைக் கதவைத் திறப்பது அவன்தான். கோட்டை விழும் நரி அண்ணே, கல் மட்டும் விழாது.

பனங்காட்டுநரி:
மழைக்காலத்தில் என்ன செய்வான் உங்கள் யாழ்க்காரன்?

மணல்கடிகாரம்:
முற்றுகை சித்திரையில்.

பனங்காட்டுநரி:
அப்படியென்றால் எதிரி ஐப்பசிவரை தாக்குப்பிடித்தால் போதும். பன்னிரண்டாம் அத்தியாயத்தை அவன் பக்கமிருந்து எழுதுங்கள், அப்போது படிக்கிறேன்.