பிரபுவின் உத்தரவு அநியாயம்னா சாமுராய் என்ன செய்வான்? (நாடகத்துக்காக)

தக்கலை_நாடகம்:
மார்த்தாண்டத்துல நூலக விழாவுக்கு அரைமணி நேர நாடகம் எழுதுறோம். ஜப்பான்ல ஷோகுன்ங்கிற ராணுவத் தலைவர் ஆண்ட எடோ காலம். குற்றமில்லாத கிராமத் தலைவனை வெட்டச் சொல்லி பிரபு உத்தரவு போடுறார், சாமுராய்க்கு மனசு ஒப்பல. வெட்டுறதா, பிரபு மேலேயே வாளை உருவுறதா? எது நம்பும்படியா இருக்கும்?

பார்வதிபுரம்_வாசகர்:
ரெண்டுமே அவசரம் அண்ணாச்சி. நடுவுல இருக்கிற வழியிலதான் நாடகமே இருக்கு. முதல்ல பிரபுவைத் தனியா பார்த்து 'இது தப்பு'ன்னு எடுத்துச் சொல்லணும். அது துரோகமில்ல, சேவகனோட கடமை. 1553-ல ஹிராதே மசஹிதே வயித்தைக் கிழிச்சுச் செத்தது, தன்னோட இளவயசு பிரபு நொபுனாகாவைத் திருத்தத்தான்னு வழிவழியா சொல்லுவாங்க.

கேக்கலன்னா 'காரோ'ங்கிற மூத்த காரியக்காரங்ககிட்ட போகணும். அவங்க ஒருமிச்சு பிரபு முன்னால போய், 'நடத்தை சரியில்ல, அடங்கி இருக்கணும்'னு சொல்லி, வாள்களை வாங்கிட்டு அறையில அடைப்பாங்க. இதுக்குப் பேரு 'ஒஷிகோமே'. திருந்தினா பழையபடி பதவி, இல்லன்னா வாரிசுக்குப் பட்டம். விசுவாசம் ஆளுக்கில்ல, அந்த வம்சத்துக்குங்கிறதுதான் இதுக்கு நியாயம். மூத்தவங்கள்ல ஒருத்தர் பின்வாங்கினாலும் மிச்சப்பேர் கலகக்காரங்க ஆயிடுவாங்க. அந்த ஒருத்தரை நல்லா எழுதுங்க.

தக்கலை_நாடகம்:
வேலையை விட்டுட்டுப் போயிடலாமே?

குழித்துறை_வரலாறு:
அனுமதியில்லாம போனா அதுவே குற்றம். சாமுராயோட சம்பளத்தை 'கொகு' கணக்குல அரிசியா அளப்பாங்க, ஒரு கொகு சுமார் 150 கிலோ. அது அவனோட குடும்பத்துக்கு உள்ளது. அவன் போனா அம்மா, பெஞ்சாதி, பிள்ளைங்க எல்லாருக்கும் வீடும் போச்சு, சோறும் போச்சு. 1752-ல காற்றாடிமலையில சுடப்பட்ட திருவிதாங்கூர் ராஜசேவகர் தேவசகாயம் பிள்ளையைத் தெரிஞ்ச சபை நம்மது. ராஜசேவகன் மனசாட்சிக்காக நின்னா அவனுக்கு என்ன ஆகும்னு விளக்க வேண்டாம். வீட்டுக்கு என்ன ஆகும்னு காட்டுங்க, அம்மாவுக்கு ஒரு காட்சி கட்டாயம்.

47 ரோனின் (பிரபு இல்லாத சாமுராய்கள்) கதையை இதுல கலக்காதீங்க. அவங்க பிரபு அசானோ 1701-லயே செத்தாச்சு. 1703-ல அவங்க பழிவாங்கினப்போ மோதினது விசுவாசமும் ஷோகுன் சட்டமும். பிரபுவோட அநியாயம் அங்க பேச்சே இல்ல.

பார்வதிபுரம்_வாசகர்:
மேடைக்கு ஒண்ணு: பிரபு முன்னால பெரிய வாள் கூடாது, இடுப்புல குறுவாள் மட்டும். மத்த வீட்டுக் காட்சியில பெரிய வாளை வலப்பக்கம் தரையில வைக்கணும். இடப்பக்கம் வச்சா உருவத் தயாருன்னு அர்த்தம். நடக்கிறப்போ இடது இடுப்புல, கூர் மேல பார்க்கணும். பழகாத பையன்கள் கூரைக் கீழ வச்சுத்தான் செருகுவாங்க, ஒத்திகையிலேயே பாருங்க.