மறு: வல்வோடினியாவுக்குத் தமிழ் – 'பெண்மடல் நோவு' சரிவருமா?

குழுவினருக்கு வணக்கம்.

பெண்ணின் வெளியுறுப்பில் (வல்வா) தெளிவான காரணமில்லாமல் நீடிக்கும் வலிதான் வல்வோடினியா. நோயாளிகளுக்கான பிரசுரத்தில் போட அதற்கு ஒரு தமிழ்ப் பெயர் தேடும் இந்த இழையை ஒரு வாரமாக வாசிக்க மட்டும் செய்தேன். நேற்று அண்ணாச்சி எழுதியதைப் பார்த்த பிறகு சும்மா இருக்க முடியவில்லை.

> 'யோனியழற்சி' என்று வைத்துவிட்டால் எல்லாருக்கும் புரியும். வேலை முடிந்தது.

முடியவில்லை அண்ணாச்சி. யோனி உள்ளே இருப்பது. வல்வா வெளியே இருப்பது. யோனியழற்சி வேறு நோய், அதற்கு மருந்தும் வேறு. அதைவிடப் பெரிய சிக்கல் 'அழற்சி'. வல்வோடினியாவில் இருக்கும் 'ஒடினே' என்ற கிரேக்கச் சொல்லுக்கு வலி என்றுதான் பொருள். இந்தத் தவறை மருத்துவர்களே ஒருமுறை செய்து திருத்திக்கொண்டார்கள். 1987-ல் ஃப்ரெட்ரிக் என்பவர் யோனி வாசலைச் சுற்றி வரும் வலிக்கு 'வெஸ்டிபுலைடிஸ்' என்று எழுதினார். அங்கே அழற்சிதான் காரணம் என்று நிறுவ முடியவில்லை. அதனால் வல்வா நோய்களுக்கான பன்னாட்டுச் சங்கம் 2003-ல் அழற்சியைக் குறிக்கும் 'இடிஸ்' வாலை வெட்டிவிட்டு 'வெஸ்டிபுலோடினியா' ஆக்கியது. அவர்கள் வெட்டிப் போட்டதை நாம் ஏன் பொறுக்கித் தமிழில் ஒட்ட வேண்டும்?

பெயரில் என்ன இருக்கிறது என்று கேட்கலாம். நான் மார்த்தாண்டம் பக்கம் பிசியோதெரபி பார்க்கிறவள். சில மாதங்களுக்கு முன் அண்டியாபீசில் (முந்திரிக்கொட்டை ஆலை) வேலை பார்க்கும் ஒரு அம்மா வந்தார். நாற்காலியைக் காட்டினேன், உட்காரவில்லை. மேசை விளிம்பில் ஒரு பக்க இடுப்பை மட்டும் சாய்த்து நின்றுகொண்டே பேசினார். நாள் முழுக்க தாழ்ந்த பலகையில் உட்கார்ந்து அண்டி உடைக்கிற வேலை. கையில் சாம்பல் பூசிக்கொண்டுதான் உடைப்பார்கள். தோட்டு எண்ணெய் பட்டால் தோல் வெந்துபோகும். அந்த அம்மா சொன்னது இதுதான்: "உட்கார்ந்தா அங்க அண்டி எண்ணெய் பட்ட மாதிரி காந்துது மக்களே."

எத்தனையோ பாடப்புத்தக விவரிப்பு வாசித்திருக்கிறேன், இதற்குப் பக்கத்தில்கூட எதுவும் வரவில்லை.

இரண்டு வருடக் கதை. முதலில் சூடு என்று அக்கானி (பதநீர்), இளநீர். அப்புறம் வெட்டை என்று நாட்டு மருந்து. அதன்பின் மெடிக்கல் ஷாப்பில் பூஞ்சை மாத்திரை, களிம்பு, மறுபடியும் களிம்பு. ஒருதடவைகூட பூஞ்சை இருக்கிறதா என்று பரிசோதித்துப் பார்க்கவில்லை. கடைசியில் ஒரு இடத்தில் பரிசோதித்து, "ஒண்ணுமில்லை, மனசுதான்" என்று அனுப்பிவிட்டார்கள். "ஒண்ணுமில்லேன்னா பின்ன எதுக்கு நோவுது?" என்று என்னிடம் கேட்டார்.

எனக்குச் சொல் அங்கேதான் கிடைத்தது. நோவு.

2015-ல் மூன்று சங்கங்கள் சேர்ந்து ஒப்புக்கொண்ட வரையறையில் இரண்டு பெட்டிகள் உண்டு. தொற்று, தோல் நோய், காயம், ஹார்மோன் குறைவு என்று காரணம் தெரிந்த வலி ஒன்று. தெளிவான காரணம் எதுவும் அகப்படாமல் குறைந்தது 3 மாதம் நீடிக்கும் வலி இன்னொன்று. இதற்குத்தான் வல்வோடினியா என்று பெயர். முதலாவதை 'வலி' என்றும் இரண்டாவதை 'நோவு' என்றும் பிரித்துக்கொள்ளலாமே. நோவு, நோய் இரண்டுக்கும் 'நோ' என்பதே வேர். வலியே நோயாகிப்போன நிலையைச் சொல்ல இதைவிடப் பொருத்தமான சொல் எனக்குத் தோன்றவில்லை. 'காந்தல்' மேலும் ஆசை இருந்தது, மறைக்கவில்லை. ஆனால் சிலருக்குக் காந்தும், சிலருக்குக் குத்தும், சிலருக்குத் தொட்டால் மட்டும் சுரீர் என்னும். எல்லாவற்றையும் காந்தலில் அடைக்க முடியாது.

உறுப்புக்குப் 'பெண்மடல்' என்கிறேன். செவிமடல் ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது. ஐயா சொன்ன 'அல்குல்' இடையா, இடுப்பா, உறுப்பா என்று இன்னும் வழக்கு ஓடிக்கொண்டிருக்கிறது. நோயாளியின் சீட்டில் அந்த வழக்கை நடத்த வேண்டாம். 'புணர்புழை' என்று தொடங்கும் எதையும் நான் எதிர்ப்பேன். பேருந்து சீட்டில் உட்கார முடியாமல் நின்றுகொண்டே கல்லூரிக்குப் போகிற பெண்ணுக்கும் இந்த நோவு வரும். அவள் வீட்டில் போய் அந்தப் பெயரை எப்படிச் சொல்வாள்?

*

> மடல் என்றால் கடிதம் அல்லவா அம்மா? இந்தக் குழுவே மடலாடற்குழு. 'பெண்மடல் நோவு' என்றால் காதல் கடிதம் கிடைத்தவன் படும் பாடு என்று நினைத்துவிடுவார்கள். வெஸ்டிபுலோடினியாவுக்கு 'வாயில் நோவு' என வைக்கலாம்.

ஐயா, சிரித்துவிட்டேன். மடலேறியவர்களையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஆனால் செவிமடல் என்றதும் யாரும் காதுக்கு வந்த கடிதம் என்று நினைப்பதில்லை. முன்னால் உறுப்பு நின்றால் பொருள் தெளிந்துவிடும்.

'வாயில் நோவு' வேண்டவே வேண்டாம். பல் டாக்டரிடம் போய் நிற்பார்கள். 'நடை' என்று பார்த்தேன், 'நடைநோவு' கால்வலி ஆகிவிடுகிறது. 'முகப்பு நோவு' என்று வைத்திருக்கிறேன். முகப்பில் எந்த இடத்தில் நோகிறது என்று பார்க்க மருத்துவர் பஞ்சுக்குச்சியால் கடிகார முள் போல ஒவ்வொரு புள்ளியாக மெல்லத் தொடுவார். அதற்குப் 'பஞ்சுக்குச்சிச் சோதனை' போதும், கலைச்சொல் தேவையில்லை.

டாக்டர் அக்கா தனிமடலில் கேட்டதற்கும் இங்கேயே பதில். ஆமாம், பிரசுரத்தில் சிகிச்சையும் வருகிறது. அங்கே சோப்பும் டெட்டாலும் வேண்டாம், வெறும் தண்ணீர் போதும். மருத்துவர் சொன்னால், மரத்துப்போக வைக்கும் லிக்னோகெயின் களிம்பு. அமிட்ரிப்டிலின் குறைந்த அளவில் கொடுப்பது நரம்பு வலிக்காக. அட்டையைப் பார்த்துவிட்டு "இது மனநோய் மாத்திரை" என்று பக்கத்து வீட்டார் சொல்வதற்கு முன் நாமே எழுதிவிட வேண்டும். அறுவை சிகிச்சை முகப்பு நோவுக்கு மட்டும், அதுவும் கடைசியில்.

என் பங்கு இடுப்புத்தளத் தசை. வலிக்குப் பயந்து பயந்து அந்தத் தசை இறுகியே கிடக்கும். யூடியூப் பார்த்து இறுக்கும் பயிற்சி செய்துவிட்டு வருகிறார்கள். இவர்களுக்கு முதலில் தேவை தளர்த்தப் பழகுவது. இதற்கு 'இளக்கப் பயிற்சி' என்று எழுதியிருக்கிறேன். அண்டியாபீஸ் அம்மாவுக்கு அதுவும் புரியவில்லை. "மூச்சை இழுக்கும்போது கீழே பூ விரிகிற மாதிரி விடுங்க" என்றதும் புரிந்தது. இப்போது நாற்காலியில் கால்மணி நேரம் உட்காருகிறார், துண்டை மடித்துப் போட்டு.

பிரசுரம் வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. தலைப்பில் 'பெண்மடல் நோவு', அடியில் சிறிய எழுத்தில் 'வல்வோடினியா'. 'இளக்க'த்துக்கு வேறு நல்ல சொல் இருந்தால் வியாழனுக்குள் சொல்லுங்கள்.