ஸ்பானிஷ் நடிகை சொலெதாத் மிராந்தாவை முதலில் எந்தப் படத்தில் பார்த்தீர்கள்?

நள்ளிரவுக்காட்சி:
எனக்கு ‘ஷீ கில்ட் இன் எக்ஸ்டஸி’. கதை உங்களுக்கெல்லாம் தெரியும், கடைசிக் காட்சிக்கு வருகிறேன். புருஷன் சாவுக்குக் காரணமான நாலு பேரையும் தீர்த்துக்கட்டிவிட்டு, அவன் பிணத்தோடு காரைப் பள்ளத்தில் விடுவார் இல்லையா? முகத்தில் ஒரு பதற்றமும் கிடையாது. படம் முடிந்ததும் யார் இவர் என்று தேடினேன். 1970 ஆகஸ்ட் 18, லிஸ்பன் பக்கத்தில் கார் விபத்தில் இறந்திருக்கிறார், வயது 27. ஓட்டியவர் நிஜக் கணவர், முன்னாள் கார் பந்தய வீரர். அவர் பிழைத்துக்கொண்டார். படம் திரைக்கு வந்தது 1971இல். அந்தக் காட்சியை மறுபடி போட்டுப் பார்க்க இன்னும் மனசு வரவில்லை.

பழையரீல்:
நான் பார்த்தது ‘சவுண்ட் ஆஃப் ஹாரர்’. கண்ணுக்கே தெரியாத டைனோசர்! காசில்லை போலிருக்கிறது, வெறும் அலறல் சத்தத்தை வைத்தே ஓட்டிவிட்டார்கள். ஆனால் நடுவில் மிராந்தா ஆடும்போது டைனோசரை மறந்தே போனேன். செவில்லாவில் ஆட்டக்காரியாகத் தொடங்கியவர், அது உடம்பிலேயே இருக்கிறது. கூட நடித்தவர் இன்கிரிட் பிட். 1970இல் ஹாமர் என்ற பிரிட்டிஷ் பேய்ப்படக் கம்பெனியின் படத்தில் அவரும் ரத்தக்காட்டேரி, டைரக்டர் ஜெஸ் ஃபிராங்கோ படத்தில் இவரும் ரத்தக்காட்டேரி.

கறுப்புவெள்ளை:
‘வாம்பைரோஸ் லெஸ்போஸ்’தான். இஸ்தான்புல், சிவப்பு ஸ்கார்ஃப், பட்டப்பகலில் வெயில் காயும் ரத்தக்காட்டேரி. அதைவிட அந்தக் குரல்! ரெண்டு நாள் காதிலேயே நின்றது.

டப்பிங்தாத்தா:
@கறுப்புவெள்ளை, அது அவர் குரலே இல்லை. நீங்கள் கேட்டது ஜெர்மன் டப்பிங். நானும் அதே படத்தைத்தான் பார்த்தேன், கிளப்பில் கண்ணாடி முன்னால் ஆடுவாரே, அது போதும். இனி பார்ப்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். ‘லாஸ் வாம்பிராஸ்’ என்ற ஸ்பானிஷ் பிரதியில் ஆரம்பிக்காதீர்கள். ஃபிராங்கோ ஆட்சியின் சென்சாருக்காக (ஸ்பெயின் சர்வாதிகாரி ஃபிராங்கோ, டைரக்டர் ஜெஸ் ஃபிராங்கோ அல்ல) கன்னாபின்னாவென்று வெட்டியது. ஜெர்மன் பிரதியைப் பாருங்கள். டைட்டிலில் சூசன் கோர்டா என்று இருக்கும், அதுவும் இவர்தான். ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள், ஹூப்லர்–ஷ்வாப் இசைக்காகவே. அதில் ஒரு துண்டு 1997இல் டாரன்டினோவின் ‘ஜாக்கி பிரவுன்’ படம் வரை போனது. அப்புறம் ‘கவுண்ட் டிராகுலா’. டிராகுலாவாக வரும் கிறிஸ்டோபர் லீக்காகப் போகாதீர்கள், லூசியாக வரும் இவரைப் பாருங்கள். ‘100 ரைபிள்ஸ்’ கடைசியில் வைத்துக்கொள்ளலாம், கண் இமைத்தால் போய்விடுவார்.

நள்ளிரவுக்காட்சி:
தாத்தா, யாரும் பட்டியல் கேட்கவில்லையே.

சுருள்:
@நள்ளிரவுக்காட்சி, கார் காட்சியையும் விபத்தையும் முடிச்சுப் போடுவது எனக்குப் பிடிக்கவில்லை. “கண்ணிலேயே சாவு தெரிந்தது” என்று எழுதாத ஆளே இல்லை. அந்த 1970இல் அவர் ஃபிராங்கோவுக்கு வரிசையாகப் படம் முடித்துக்கொடுத்துக்கொண்டிருந்தார், சாகப்போகிறவர் மாதிரி அல்ல. ‘கவுண்ட் டிராகுலா’ செட்டிலேயே, அதன் படப்பிடிப்பை வைத்து டைரக்டர் போர்த்தபெல்லா எடுத்த ‘குவாதெகுக் வாம்பிர்’ பார்த்திருக்கிறீர்களா? மிஷின் வைத்து சிலந்தி வலை ஊதுகிறார்கள், லீ கண்ணில் இருந்து லென்ஸைக் கழற்றுகிறார். நடுவில் மிராந்தா வருவார். நடிக்கிறாரா, அடுத்த ஷாட்டுக்குக் காத்திருக்கிறாரா என்று பிடிபடவில்லை. என்னை அரித்துக்கொண்டிருப்பது அதுதான்.

நள்ளிரவுக்காட்சி:
சரி, முடிச்சு போடவில்லை. ஆனாலும் அந்தக் காட்சியை நான் திரும்பப் பார்க்கப்போவதில்லை.