செல்மா ஊர்வலமும் அந்த மார்ச் 9-ம் தேதியும்

கருப்புக்கோட்டு:
"செல்மா ஊர்வலத்தை நடத்திக் கொடுத்ததே ஜட்ஜ் பிராங்க் ஜான்சன்தான்" என்று நேற்று இங்கே ஒருவர் எழுதியிருந்தார். படித்ததும் பற்றிக்கொண்டு வந்தது. அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில் கறுப்பர்கள் ஓட்டுரிமை கேட்டு செல்மாவிலிருந்து தலைநகர் மாண்ட்கமரிக்குப் புறப்பட்ட ஊர்வலம் அது. 1965 மார்ச் 7-ல் பாலத்தில் வைத்து போலீஸ் அவர்கள் மண்டையை உடைத்தது. மார்ச் 9-ல் இந்த ஜட்ஜ் ஊர்வலத்துக்கே தடை போட்டார். அடிபட்டவனுக்குத் தடை!

வாய்தா:
எழுதியது நான்தான், பெயர் சொல்லியே திட்டலாம். விசாரணை முடியும்வரை போட்ட இடைக்காலத் தடை அது. 17-ம் தேதியே ஊர்வலத்துக்கு அனுமதி கொடுத்தார். அலபாமா கவர்னர் வாலஸ் தடுக்கவும் கூடாது, பாதுகாப்பும் தரவேண்டும் என்றார். அந்த வாலஸ் ஜான்சனோடு லா காலேஜில் படித்தவர்.

கருப்புக்கோட்டு:
யாரோடு படித்தால் என்ன? மார்ச் 9-க்குப் பதில் எங்கே?

திண்ணைக்காரன்:
டிஸ்ட்ரிக்ட் ஜட்ஜ்தானே? நம்ம ஊர் செஷன்ஸ் கோர்ட் மாதிரி. இதற்கா இவ்வளவு சண்டை?

வாய்தா:
அங்கே அது மத்திய அரசின் கோர்ட். ஜனாதிபதி நியமித்து, நாடாளுமன்ற மேலவையான செனட் ஒப்புதல் தந்து, ஆயுளுக்கும் இருக்கிற பதவி ஐயா அது. ஜான்சனை 1955-ல் ஜனாதிபதி ஐசனோவர் போட்டார். அடுத்த வருஷமே மாண்ட்கமரி பஸ்ஸில் கறுப்பரைப் பிரித்து உட்காரவைப்பது செல்லாது என்று 2-1 தீர்ப்பு. அந்த இரண்டில் ஒருவர் இவர்.

திண்ணைக்காரன்:
எங்கப்பா முப்பது வருஷம் செஷன்ஸ் கோர்ட்டில் பெஞ்ச் கிளார்க். எனக்குக் கோர்ட் பாடம் எடுக்க வேண்டாம்.

கருப்புக்கோட்டு:
பஸ் தீர்ப்பை யார் மறுத்தது? நான் கேட்டது மார்ச் 9. போன மாசம் இங்கே ஜூரி பற்றிய விவாத இழையிலும் இப்படித்தான் நழுவினீர்கள்.

வாய்தா:
அங்கே பாதியில் போனது நீங்கள். இழை இன்னும் இருக்கிறது, போய்ப் பாருங்கள். 1967-ல் ஜான்சனின் அம்மா வீட்டில் குண்டு வைத்தார்கள். மார்ஷல்கள் (மத்திய அரசுக் காவலர்கள்) காவலோடு நடமாடிய ஜட்ஜ். அவரையா கோழை என்கிறீர்கள்?

கருப்புக்கோட்டு:
கோழை என்று நான் எங்கே சொன்னேன்? என் வாயில் வார்த்தையைத் திணிக்காதீர்கள். பாலத்தில் ரத்தம் காயவில்லை, அதற்குள் "விசாரணை முடியட்டும், காத்திரு" என்றார். அதைத்தான் சொல்கிறேன். அனுமதி கொடுத்தபோதும் இருவழிச் சாலையில் 300 பேர்தான் நடக்கலாம் என்று தலையை எண்ணினார்.

வாய்தா:
அந்த 300 ஊர்வலக்காரர்களே கோர்ட்டில் கொடுத்த திட்டத்தில் இருந்தது! தீர்ப்பைப் படித்துவிட்டு வாருங்கள். இழைத்த அநீதி எவ்வளவு பெரிதோ, அதை எதிர்த்து நடக்கும் உரிமையும் அவ்வளவு பெரிது என்று எழுதியவர் அவர். வேறு எந்த ஜட்ஜ் எழுதினார்?

கருப்புக்கோட்டு:
அதை 17-ம் தேதி எழுதினார். 9-ம் தேதி என்ன எழுதினார்?