1913 செய்திப்படம் மிக வேகமாக ஓடுகிறது, சரிசெய்ய முடியுமா?

வரலாற்று ஆசிரியை:
பெண்கள் வாக்குரிமைப் பாடத்துக்காக, 1913 எப்சம் டெர்பி குதிரைப் பந்தயச் செய்திப்படத்தை வகுப்பில் போட்டேன். வாக்குரிமைப் போராளி எமிலி டேவிசன் ஓடுபாதைக்குள் நுழைய, அரசரின் குதிரை மோதும் காட்சி. எல்லோரும் சாவி கொடுத்த பொம்மைகள்போல் ஓடுவதைப் பார்த்துப் பிள்ளைகள் சிரித்துவிட்டார்கள். எனக்கு மனமே சரியில்லை. கோப்பு நொடிக்கு 25 பிரேம் (தனித்தனிப் படம்) என்று காட்டுகிறது. மடிக்கணினியில் விஎல்சி என்ற வீடியோ மென்பொருள் இருக்கிறது. இன்னொன்று, கூட்டத்தின் கூச்சல் கேட்கிறதே, அது உண்மையா?

ஓய்வுபெற்ற ஆபரேட்டர்:
கோப்பில் கோளாறு இல்லை, டீச்சர். அந்நாளில் கேமராவைக் கையால் சுற்றுவார்கள். சுற்றுக்கு 8 பிரேம், நொடிக்கு ஏறத்தாழ 2 சுற்று, ஆக 16. அதை 25இல் ஓட்டினால் ஒன்றரை மடங்குக்கும் மேல் வேகம். கணக்குப்படி 0.64 மடங்கு வேகத்தில் ஓட வேண்டும். விஎல்சியில் [ விசையை ஒருமுறை அழுத்தினால் 0.1 குறையும். கூச்சல் பின்னாளில் யாரோ ஒட்டியது. அணைத்துவிடுங்கள்.

வரலாற்று ஆசிரியை:
0.6இல் குதிரைகள் மிதக்கின்றன. வேறொரு பிரதி கிடைத்தது, அதில் வேகம் சரி, ஆனால் வெட்டி வெட்டி நகர்கிறது.

பழைய பட ரசிகர்:
கை சுற்றும் வேகம் ஆளுக்கு ஆள் மாறும், ஒரே ஆளுக்கும் மாறும். 16 என்பதை வேதவாக்காகக் கொள்ளாதீர்கள். குதிரையைப் பார்த்து அளக்காதீர்கள், நடக்கும் மனிதரைப் பாருங்கள். 0.7 வைத்துப் பாருங்கள். இரண்டாவது பிரதியை E விசையால் பிரேம் பிரேமாக நகர்த்துங்கள். சில பிரேம்கள் இரண்டிரண்டாக வந்தால், வேகத்தைக் குறைக்க யாரோ ஏற்கெனவே நகலெடுத்து நுழைத்திருக்கிறார்கள். அதை மேலும் மெதுவாக்க வேண்டாம்.

வேகம் சரியானதும் ஓரங்களைப் பார்க்கச் சொல்லுங்கள். எத்தனை தொப்பிகள்! டேவிசன் விழுந்த பிறகும் பலரின் முகம் ஓடும் குதிரைகள் பக்கமே திரும்பியிருக்கிறது. எந்த நாளிதழ்ச் செய்தியையும்விட எனக்கு அதுதான் உறைத்தது. ஜூன் 14 அன்று லண்டனில் நடந்த டேவிசனின் இறுதி ஊர்வலமும் படமாகியிருக்கிறது. அதற்கு வேகத்தைத் தனியாகப் பார்த்து வையுங்கள்.

வரலாற்று ஆசிரியை:
முதல் பிரதியையே 0.7இல், ஒலியில்லாமல் போட்டேன். யாரும் சிரிக்கவில்லை. அரசரின் குதிரையை ஓட்டிய ஜாக்கி என்ன ஆனார் என்று ஒரு மாணவி கேட்டாள். எனக்குத் தெரியவில்லை.

பழைய பட ரசிகர்:
ஹெர்பர்ட் ஜோன்ஸ். காயம்தான், பிழைத்துக்கொண்டார். அன்மர் என்ற அந்தக் குதிரை எழுந்து ஓடிவிட்டது. டேவிசன் நான்கு நாள் கழித்து, ஜூன் 8 அன்று இறந்தார்.